சான்டோ டொமிங்கோ ஒருநாள் டூர்: காசு எதற்குப் போகிறது?

குளிர்காலம் வந்தால் கனடா, அமெரிக்கா வாசகர்களிடமிருந்து டொமினிக்கன் குடியரசின் புன்டா கானா பற்றிய கேள்விகள் வர ஆரம்பித்துவிடும். இந்த முறை பாதிக்கு மேல் ஒரே விஷயம்தான்: கடற்கரை ரிசார்ட்டிலிருந்து தலைநகர் சான்டோ டொமிங்கோவின் பழைய நகரத்துக்குப் போய்வரும் ஒருநாள் டூர்.

கேள்வி: நாங்கள் நால்வர், ஒரு வாரம் புன்டா கானாவில் தங்கப் போகிறோம். சான்டோ டொமிங்கோ டூருக்கு ரிசார்ட் லாபியில் உள்ள டூர் மேசையில் ஆளுக்கு 99 டாலர், இணையத்தில் 74, கடற்கரையில் நடந்து விற்பவரிடம் 55 என்று போய்வந்த நண்பர் சொன்னார். மூன்றும் ஒரே டூர்தானா? எதை வாங்கலாம்?

பதில்: பல நேரங்களில் ஒரே பஸ்ஸில்தான் ஏறுவீர்கள். பஸ், வழிகாட்டி, சாப்பாடு எல்லாம் ஏற்பாடு செய்வது உள்ளூர் நிறுவனம் ஒன்று. மற்றவர்கள் அதன் சீட்டுகளைத் தங்கள் கமிஷனைச் சேர்த்து விற்கிறார்கள். பக்கத்து சீட்டுக்காரர் உங்களைவிட 25 டாலர் குறைவாகக் கொடுத்திருப்பார், அவ்வளவுதான்.

ரிசார்ட்டுக்குப் போன மறுநாள் காலை ‘வரவேற்புக் கூட்டம்’ என்று கூப்பிடுவார்கள். அதில் பாதி நேரம், வெளியே வாங்கினால் இன்சூரன்ஸ் கிடையாது என்று பயமுறுத்துவதிலேயே போகும். கடற்கரையில் கையில் ஆல்பத்தோடு வருபவரைப் பொறுத்தவரை அதில் கொஞ்சம் உண்மை உண்டு. பஸ் வராவிட்டால் அவரை எங்கே போய்த் தேடுவது? ஆனால் உரிமம் பெற்று, கடை வைத்து, ரசீது கொடுக்கிற வெளி ஏஜென்சிக்கும் இன்சூரன்ஸ் இருக்கும். கேட்டால் காட்டுவார்கள்.

விலையை ஒப்பிடும் முன், அதற்குள் என்ன இருக்கிறது என்று பாருங்கள். பேராலயம், கொலம்பஸின் மகன் டியேகோ கட்டிய அல்காசர் மாளிகை, லோஸ் ட்ரெஸ் ஓஹோஸ் குகை ஆகிய மூன்றுக்கும் நுழைவுக் கட்டணம் சேர்ந்ததா? ‘பார்வையிடல்’ என்று மட்டும் போட்டிருந்தால் வாசலில் நின்று படமெடுத்துவிட்டுத் திரும்புவதும் பார்வையிடல்தான். மதியச் சாப்பாட்டோடு குடிக்கிற தண்ணீரும் சேர்த்தியா? இதையெல்லாம் வவுச்சரில் எழுதி வாங்குங்கள். வாய்வார்த்தை வேண்டாம்.

அப்புறம், யாரும் கேட்காத கேள்வி ஒன்று இருக்கிறது. பழைய நகரத்துக்குள் காலால் நடக்கிற நேரம் எவ்வளவு? இந்த டூரில் நீங்கள் வாங்குவது அந்த நேரத்தைத்தான். கணக்குப் போட்டுப் பார்ப்போம். காலை ஆறரைக்கு உங்களை ஏற்றுவார்கள். பிறகு பஸ் ஒவ்வொரு ஹோட்டலாக நுழைந்து ஆள் எடுக்கும், அதற்கே ஒரு மணி நேரம் ஆகிவிடும். சாலை ஏறத்தாழ 200 கிலோமீட்டர். 2012இல் கோரல் நெடுஞ்சாலை திறந்த பிறகும் இரண்டரை மணி நேரமாவது வேண்டும். நடுவே ‘கழிப்பறைக்கு’ என்று ஒரு நினைவுப்பொருள் கடையில் அரை மணி. அங்கே போனதும் குகை, கொலம்பஸ் கலங்கரை விளக்கம், இன்னொரு கடை, சாப்பாடு. திரும்பவும் அதே சாலை. பன்னிரண்டு மணி நேர டூரில் பழைய நகரத்துக்கு மிஞ்சுவது இரண்டு மணி நேரம், நல்ல டூராக இருந்தால் மூன்று. 99 டாலருக்கு மூன்று மணி நேரம் தருபவர், 55க்கு ஒன்றரை மணி நேரம் தருபவரைவிட மலிவு.

இன்னொன்று, வழிகாட்டி எத்தனை மொழியில் பேசுவார்? ஒரே பஸ்ஸில் ஸ்பானிஷ், ஆங்கிலம், பிரெஞ்சுக்காரர்களை ஏற்றினால் ஒரே செய்தியை மூன்று முறை சொல்ல வேண்டும். அதுவரை மற்றவர்கள் வெயிலில் நின்றுகொண்டு செருப்பைப் பார்க்க வேண்டியதுதான். ஒரு மொழிக் குழு என்றால் பத்து டாலர் கூடுதலாகக் கொடுக்கலாம், தப்பில்லை.

கேள்வி: பழைய நகரத்தில் அப்படி என்னதான் இருக்கிறது? மூன்று மணி நேரம் கடலை விட்டுவிட்டு பஸ்ஸில் உட்கார்ந்து போவது வீண் என்கிறார் என் கணவர்.

பதில்: வரலாறு பிடிக்காதவருக்கு வீண்தான், வற்புறுத்தாதீர்கள். பிடித்தவர்களுக்கு அமெரிக்கக் கண்டத்தில் இதற்கு இணையான நடை குறைவு. 1496இல் கொலம்பஸின் தம்பி பார்த்தலோமியு ஒசாமா ஆற்றின் கிழக்குக் கரையில் தொடங்கிய ஊர் இது. புயல் அடித்துப் போட்டதும் 1502இல் ஆளுநர் ஒவாண்டோ மேற்குக் கரைக்கு மாற்றி, தெருக்களைக் கட்டம் கட்டமாகப் போட்டார். அதே தெருக்களில்தான் இன்றும் நடக்கிறோம். 1990இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது.

லாஸ் டாமாஸ் தெருவில் மட்டும் அரை மணி நேரம் நில்லுங்கள். தெற்கு முனையில் ஒசாமா கோட்டை. வடக்கே நடந்தால் இயேசு சபையினரின் பழைய தேவாலயம், இப்போது தேசியத் தலைவர்களின் நினைவிடம். அதைத் தாண்டினால் தெரு நடுவே 1753இல் வைத்த சூரியக் கடிகாரம், எதிர்க் கட்டடத்தில் இருந்த அதிகாரிகள் ஜன்னல் வழியே மணி பார்த்துக்கொள்ள. பேராலயத்தின் பவளச் சுண்ணாம்புக் கல் சுவர், சாயங்கால வெயிலில் தேன் நிறத்துக்கு மாறும். ஆனால் டூர் பஸ் அதற்குள் உங்களை ஏற்றிக்கொண்டு கிளம்பியிருக்கும்.

ஒரு விஷயம். ‘முதல் பேராலயம், முதல் மருத்துவமனை, முதல் தெரு’ என்று வழிகாட்டிகள் முதல்களை அடுக்குவார்கள். அவை பெரும்பாலும் சரிதான். ஆனால் இந்த ஊரின் வேறு முதல்களும் உண்டு. அடிமைப்படுத்தப்பட்ட ஆப்பிரிக்கர்கள் இந்தக் கண்டத்தில் நடத்திய, பதிவாகியுள்ள முதல் பெரிய கிளர்ச்சி 1521 கிறிஸ்துமஸ் சமயத்தில் நடந்தது, டியேகோ கொலம்பஸின் கரும்புத் தோட்டத்தில். நீங்கள் அண்ணாந்து பார்க்கும் அந்த மாளிகைக்காரரின் தோட்டம். 1511இல் தீவின் பூர்வகுடிகளான டைனோ மக்களை வதைப்பதைக் கண்டித்து, ஆளுநர் முன்னிலையிலேயே பிரசங்கம் செய்தார் மொண்டெசினோஸ் என்ற துறவி. கடற்கரைச் சாலையில் அவருக்குப் பிரம்மாண்டமான சிலை இருக்கிறது, வாயருகே கை வைத்துக் கத்துகிற மாதிரி. வழிகாட்டி நல்லவரா என்று தெரிய வேண்டுமானால் இந்த இரண்டையும் பற்றிக் கேட்டுப் பாருங்கள். பதில் சொல்பவர் கிடைத்தால் அந்த டூரே வேறு.

கலங்கரை விளக்கத்தை விட்டுவிடுகிற டூராகப் பார்த்து எடுப்பதே மேல் என்பது என் அபிப்பிராயம். 1992இல் திறந்த மாபெரும் கான்கிரீட் சிலுவை அது. கொலம்பஸின் எலும்புகள் உள்ளே இருப்பதாகச் சொல்கிறார்கள். ஸ்பெயினின் செவில் நகரமும் அதையே சொல்கிறது, அங்குள்ளவை அவருடையவையே என்று மரபணு ஆய்வாளர்கள் சொல்லியும் விட்டார்கள். அந்த முக்கால் மணி நேரத்தைப் பழைய தெருக்களில் செலவழிக்கலாம்.

கேள்வி: எந்தக் கிழமை போகலாம்?

பதில்: செவ்வாய் முதல் வெள்ளி வரை. திங்களன்று அல்காசர் முதலான அருங்காட்சியகங்களுக்கு விடுமுறை. ஞாயிறு பேராலயத்தில் பூசை, சுற்றிப் பார்க்க முடியாமல் போகலாம். திங்கள் டூர் விற்பவர் இதை வாய் திறந்து சொல்ல மாட்டார். பேராலயத்துக்குத் தோளும் முழங்காலும் மூடிய உடை வேண்டும், கடற்கரை அரைக்கால்சட்டையோடு கிளம்பிவிடாதீர்கள்.

கேள்வி: டூர் நடுவே கூட்டிப்போகும் கடையில் நீலக்கல் நகை வாங்கலாமா? அம்பர் (கல்லாக இறுகிய பழங்கால மரப்பிசின்), சுருட்டு எல்லாம் அங்கேதான் அசல் என்கிறார்களாமே?

பதில்: அசல் இருக்கலாம், விலைதான் அசல் இல்லை. பஸ் நிற்கும் கடைக்கும் வழிகாட்டிக்கும் ஓட்டுநருக்கும் கணக்கு இருக்கும். அது உங்கள் பில்லில்தான் ஏறும். முதல் கடையில் எதையும் வாங்காதீர்கள், விலையை மட்டும் மனதில் குறித்துக்கொள்ளுங்கள். பழைய நகரத்தின் எல் கொண்டே தெருவில் வரிசையாகக் கடைகள் உண்டு. பேரம் பேசலாம், பேசத்தான் வேண்டும்.

அந்த நீலக்கல் லாரிமார். உலகிலேயே இந்த நாட்டின் தென்மேற்கில் பாராஓனா மாகாணத்தில் மட்டும் வெட்டியெடுக்கிறார்கள். நல்ல கல்லில் நீலத்துக்குள் வெள்ளைப் படலம் மேகம்போல ஓடும், இரண்டு கல் ஒரே மாதிரி இருக்காது. ஒரு தட்டு நிறைய அச்சில் வார்த்ததுபோல ஒரே நீலத்தில் இருந்தால் சந்தேகப்படுங்கள். அம்பருக்கு உப்புக் கரைசல் சோதனை காட்டுவார்கள்: அடர்ந்த உப்புத் தண்ணீரில் அம்பர் மிதக்கும், கண்ணாடி மூழ்கும். சரிதான், ஆனால் சில பிளாஸ்டிக்கும் மிதக்கும். புத்தம்புதிதுபோல முழுசாக ஒரு தேளோ பல்லியோ உள்ளே இருந்து விலையும் மலிவாக இருந்தால், அது பழைய அம்பராக இருக்க வாய்ப்பு மிகக் குறைவு.

சுருட்டில் ‘கியூபா’ என்று பெயர் சொல்லி ரகசியமாக விற்பவற்றில் பெரும்பாலும் போலி. அசலே ஆனாலும் அமெரிக்காவுக்குள் கொண்டுபோக முடியாது. டொமினிக்கன் சுருட்டே உலகத் தரம், அதைத் தைரியமாக வாங்கலாம். ஆமை ஓட்டுப் பொருள்களைத் தொடவே வேண்டாம், சுங்கத்தில் பறிமுதல்தான், அபராதம் தனி. மாமாஹுவானா என்று, ரம் ஊற்றிக் குடிப்பதற்காக மரப்பட்டையும் வேரும் திணித்த பாட்டிலை ஆளுக்கு ஒன்று தலையில் கட்டப் பார்ப்பார்கள். வாங்கினால் ஊர் திரும்பும்போது சுங்கப் படிவத்தில் தாவரப் பொருள் என்று குறிப்பிட மறக்காதீர்கள்.

கேள்வி: ஹோட்டலில் ஒருவர், “தொண்ணூறு நிமிடம் ஒரு கூட்டத்தில் உட்காருங்கள், டூர் இலவசம்” என்கிறார். நம்பலாமா?

பதில்: டூர் கிடைக்கும், தொண்ணூறு நிமிடம்தான் பொய். அது ‘வெகேஷன் கிளப்’ உறுப்பினர் சீட்டு விற்கும் கூட்டம். மூன்று மணி நேரம் ஆள் மாற்றி ஆள் பேசுவார்கள். விடுமுறையின் அரை நாளை 99 டாலருக்கு விற்கச் சம்மதமா என்று வீட்டில் பேசி முடிவெடுங்கள். போனால் கிரெடிட் கார்டை அறையில் வைத்துவிட்டுப் போங்கள்.

கேள்வி: அம்மாவுக்கு 71 வயது, முழங்கால் வலி. தாங்குமா? நாங்கள் சைவம் வேறு.

பதில்: பழைய நகரம் பெரும்பாலும் சமதளம், ஆனால் சில தெருக்களில் கல் பாவிய தரை, காலை இடறும். மெத்தென்ற ஷூ போதும். குகைதான் சிக்கல். லோஸ் ட்ரெஸ் ஓஹோஸில் நீர்க்குளங்களைப் பார்க்க நிறையப் படி இறங்க வேண்டும், ஈரமாக வேறு இருக்கும், அதே படிகளில் ஏறியாக வேண்டும். அம்மா மேலே நிழலில் உட்காரட்டும். நான்காவது குளத்துக்குக் கயிறு இழுத்துப் போகும் படகுக்குத் தனிக் காசு, டூர் விலையில் பெரும்பாலும் சேராது.

முடியுமானால் நால்வருக்குத் தனி வேன் எடுத்துக்கொள்ளுங்கள். ஆளுக்குக் கணக்குப் போட்டால் கூடுதல்தான். ஆனால் ஹோட்டல் ஹோட்டலாகச் சுற்றுவதும் கடை வாசலில் நிற்பதும் மிச்சம். அல்லது புன்டா கானாவை ஒட்டிய பாவரோவிலிருந்து தலைநகருக்கு ஓடும் சாதாரண ஏசி பஸ்ஸில் போய், பேராலயத்து எதிரே கொலம்பஸ் பூங்காவில் உரிம அட்டை அணிந்த வழிகாட்டி ஒருவரைப் பிடிக்கலாம். அவரிடம் முதலிலேயே கறாராகக் கேளுங்கள்: தொகை ஆளுக்கா, குழுவுக்கா? டாலரா, பெசோவா? அங்கே பெசோவுக்கும் டாலர் குறிதான் போடுகிறார்கள். ஒரு டாலருக்கு அறுபது பெசோவை ஒட்டி வரும் நாட்டில் இதைக் கேட்காமல் விட்டால் வம்பு.

சாப்பாட்டில் சோறு, பீன்ஸ் குழம்பு, பொரித்த வாழைக்காய் எங்கும் கிடைக்கும். பீன்ஸில் பன்றி இறைச்சித் துண்டு போடுவதும் உண்டு. ‘இறைச்சி வேண்டாம்’ என்று மட்டும் சொன்னால் கோழி வந்து நிற்கலாம். கோழி, மீன், பன்றி என்று ஒவ்வொன்றாகப் பெயர் சொல்லி மறுங்கள். தனியாக உணவகத்தில் சாப்பிட்டால் பில்லில் 18 சதவீத வரியும் 10 சதவீதச் சேவைக் கட்டணமும் ஏறியிருக்கும். அதற்கு மேல் டிப்ஸ் உங்கள் இஷ்டம். கார்டு கருவி டாலரா பெசோவா என்று கேட்டால் பெசோவை அழுத்துங்கள்.

கேள்வி: புயல் வந்து டூர் ரத்தானால் பணம்?

பதில்: ஜூன் முதல் நவம்பர் வரை புயல் காலம். அவர்களாக ரத்து செய்தால் முழுப் பணமா, வேறு தேதியா என்பதை வவுச்சரில் பாருங்கள். நீங்கள் ஊர் திரும்பிய பிறகு வருகிற ‘வேறு தேதி’யால் என்ன பயன்? இருபத்துநாலு மணி நேரம் முன்பு வரை இலவச ரத்து என்கிற இணையப் பதிவில் கார்டால் கட்டியிருந்தால், சேவை கிடைக்காதபோது வங்கியிடம் முறையிட்டுப் பணத்தைத் திரும்பப் பெற வழியுண்டு. வாட்ஸ்அப்பில் பேசி, முன்பணத்தை யாரோ ஒருவருடைய கணக்குக்கு அனுப்பியிருந்தால் அந்த வழி அடைபட்டுவிடும்.

கேள்வி: என்னிடம் இந்திய பாஸ்போர்ட், கனடா பிஆர். டூருக்கு பாஸ்போர்ட் தேவையா? நாட்டுக்குள் வரவும் கிளம்பவும் நிரப்ப வேண்டிய ‘இ-டிக்கெட்’ இணையப் படிவத்துக்கு ஒரு தளம் 40 டாலர் கேட்கிறது.

பதில்: கனடா, அமெரிக்கா நிரந்தர வசிப்புரிமை இருந்தால் டொமினிக்கன் குடியரசுக்குள் தனி விசா இல்லாமல் நுழையலாம். பிஆர் அட்டை கையில் இருக்க வேண்டும், விமானம் ஏறும்போதே கேட்பார்கள். டூர் உள்நாட்டுப் பயணம்தான். பாஸ்போர்ட்டை அறை லாக்கரில் வைத்துவிட்டு நகல் எடுத்துப் போங்கள். இ-டிக்கெட் முற்றிலும் இலவசம். அரசின் குடியேற்றத் துறைத் தளத்தில் நீங்களே பத்து நிமிடத்தில் நிரப்பலாம். 40 டாலர் கேட்பவர் இடைத்தரகர். வருகைக்கும் கிளம்புவதற்கும் நிரப்ப வேண்டும். கிடைக்கிற க்யூஆர் குறியீட்டை ஸ்கிரீன்ஷாட் எடுத்துப் போனில் வைத்துக்கொள்ளுங்கள்.