பரங்கிமலையில் விரித்த சங்கிலி

கேள்வி: இந்தியாவை முக்கோண முறையில் அளக்கும் பெரும்பணியின் முதல் அடிக்கோடு, அதாவது மற்ற அளவுகளுக்கெல்லாம் ஆதாரமாக நிலத்தில் நேரடியாக அளக்கும் கோடு, பரங்கிமலை அருகேதான் போடப்பட்டதாமே? அதைப் போட்டவர் ஒரு படை அதிகாரி என்கிறார்கள். படைக்காரருக்கு நில அளவையில் என்ன வேலை? வெறும் சங்கிலியால் துல்லியம் எப்படி வந்தது?
– வாசகர், மதுராந்தகம்

பதில்: தாங்கள் கேட்பது வில்லியம் லாம்ப்டனைப் பற்றி, ஆங்கிலேயரின் 33ஆம் காலாட்படையைச் சேர்ந்தவர். 1799இல் ஸ்ரீரங்கப்பட்டணத்தை நெருங்கிய ஓர் இரவில், தளபதி பெயர்டின் படைப்பிரிவு திசை தவறித் திப்புவின் அணியை நோக்கியே நடந்துகொண்டிருந்ததை விண்மீன்களைப் பார்த்துக் கண்டுபிடித்தவர் இவர்தான் என்பார்கள். திசை தெரியாத படை என்ன ஆகும் என்பதற்கு வேறு சான்று வேண்டியதில்லை. திப்பு வீழ்ந்தபின், சோழமண்டலக் கரையையும் மலையாளக் கரையையும் அளவையால் இணைக்கும் திட்டத்தை அவர் முன்வைத்தார். புதிதாகப் பிடித்த நாட்டின் வழியும் எல்லையும் கிழக்கிந்தியக் கும்பினிக்குத் தேவைப்பட்டன. லாம்ப்டனுக்கோ பூமியின் வடிவத்தை அறிவதில்தான் ஆசை.

1802 ஏப்ரலில் பரங்கிமலைப் பக்கத்திலிருந்து பெரும்பாக்கம் குன்றை நோக்கி ஏழரை மைல் அடிக்கோடு அளக்கத் தொடங்கினார். கருவி, நூறடி எஃகுச் சங்கிலி. அதை ஏறத்தாழ 400 முறை விரிக்க வேண்டியிருந்தது. சென்னையின் கோடையில் எஃகு நீளும் அல்லவா? வெப்பம் பத்து ஃபாரன்ஹீட் டிகிரி ஏறினால் சங்கிலிக்கு அங்குலத்தில் பன்னிரண்டில் ஒரு பங்குக்குச் சற்றுக் குறைவாகவே கூடும். அற்பம்தான், ஆனால் 400 முறை சேர்ந்தால் இரண்டு அடிக்கு மேல் பிழையாகிவிடும். அதனால் முக்காலிகள் மேல் மரப்பெட்டிகளை வரிசையாக நிறுத்தி, சங்கிலியை அவற்றுக்குள் கிடத்தி, அருகே வெப்பமானியையும் வைத்து, ஒவ்வோர் அளவையும் திருத்திக்கொண்டார்கள். இரண்டு மாதத்துக்குச் சற்றுக் குறைவாக இந்த ஒரு கோட்டுக்கே செலவாயிற்று.

அடிக்கோடு கிடைத்துவிட்டால் சங்கிலியின் வேலை பெரும்பாலும் முடிந்தது. கோட்டின் இரு முனைகளிலிருந்தும் தொலைவிலுள்ள ஓர் உச்சியைப் பார்த்துக் கோணம் அளந்தால், முக்கோணத்தின் மற்ற இரு பக்கங்களும் கணக்கிலேயே கிடைக்கும். அந்தப் பக்கமே அடுத்த முக்கோணத்துக்கு அடிக்கோடு. கோணம் பார்க்கும் தியோடலைட்டின் எடை சுமார் அரை டன். குன்றுகள் இல்லாத தஞ்சைச் சமவெளியில் கோயில் கோபுரங்களையே உச்சிகளாகக் கொள்ள நேர்ந்தது. 1808இல் பெரிய கோயிலின் மேல் ஏற்றும்போது கயிறு அறுந்து, தியோடலைட் சுவரில் மோதி, கோண அளவுகள் குறித்த அதன் பெருவட்டம் நெளிந்துபோயிற்று. வேறொருவராக இருந்தால் புதுக் கருவி கேட்டு லண்டனுக்குக் கடிதம் எழுதிக் காத்திருப்பார். லாம்ப்டனோ கூடாரத்துக்குள் ஆறு வாரம் அடைந்து கிடந்து, அந்த வட்டத்தைச் சிறிது சிறிதாக இழுத்துப் பழைய வடிவுக்குக் கொண்டுவந்து, அதைக்கொண்டே மீண்டும் கோணம் பார்க்கத் தொடங்கினார்.