பக் நாயை வீட்டிலேயே பராமரிப்பது எப்படி?

வாரம் தவறாமல் குளிப்பாட்டியும் உங்கள் பக் நாய்க்கு முடி கொட்டுவது நிற்கவில்லை, முகத்தருகே வாடையும் அடிக்கிறது என்று கேட்டிருக்கிறீர்கள். குளியலைக் குறைத்துவிட்டு பிரஷ்ஷைக் கையில் எடுங்கள் என்பதுதான் என் பதில். எங்கள் வீட்டிலும் பக்தான்.

குட்டை முடி என்றால் கொட்டாது என்று பலரும் நம்புகிறார்கள். சந்தன நிற பக்குக்குப் பெரும்பாலும் இரண்டு அடுக்கு முடி. மேலே வழவழப்பாக ஒன்று, அடியில் மெத்தென்று இன்னொன்று. சோபாவில் அப்பிக்கொள்வது பெரும்பாலும் அந்த அடிமுடிதான். ரப்பர் பல் வைத்த பிரஷ் வாங்கி தினமும் ஐந்து நிமிடம் வட்டமாகத் தேய்த்துவிட்டு, அப்புறம் முடி படியும் பக்கமாக வாரி விடுங்கள். வெயிலுக்கு இதமாக இருக்கும் என்று மழித்துவிட வேண்டாம், தோல் வெந்துபோகும்.

குளியல் மாதம் ஒருமுறை போதும். நம் ஷாம்பு வேண்டாம், நாய்க்கென்றே விற்பதை வாங்குங்கள். நம் தோலைவிட அதன் தோலில் அமிலத்தன்மை குறைவு. தலையில் தண்ணீர் ஊற்றாமல் முகத்தை ஈரத்துணியால் துடைத்தால் போதும். சூடான டிரையர் வேண்டவே வேண்டாம். மூக்கு சப்பையான நாய்க்கு உடம்புச் சூட்டை மூச்சில் வெளியேற்றுவதே சிரமம். துண்டால் ஒற்றி எடுத்து ஃபேனுக்கு அடியில் விடுங்கள்.

நீங்கள் சொன்ன வாடை பெரும்பாலும் மூக்கின் மேலுள்ள மடிப்பிலிருந்துதான் வரும். இரண்டு விரலால் மெல்ல விரித்துப் பாருங்கள். உள்ளே பழுப்பு நிறத்தில் பிசுபிசுவென்று அழுக்கு இருக்கும். நன்றாகப் பிழிந்த ஈரத்துணியை விரலில் சுற்றி மடிப்பின் ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை இழுத்துத் துடையுங்கள். உடனே உலர்ந்த துணியால் இன்னொரு முறை. இந்த இரண்டாவது துடைப்பைத்தான் எல்லோரும் விட்டுவிடுகிறார்கள். ஈரம் தங்கினால் பூஞ்சை வரும், வாடையும் கூடும். சென்னைப் புழுக்கத்தில் நான் தினமும் துடைக்கிறேன். சிவந்திருந்தாலோ தொட்டால் முகத்தைத் திருப்பிக்கொண்டாலோ மருத்துவரிடம் காட்டுங்கள்.

நகம் கறுப்பாக இருந்தால் நுனியை மட்டும் கொஞ்சம் கொஞ்சமாக வெட்டுங்கள். வெட்டிய இடத்தின் நடுவில் கருமையாகப் புள்ளி தெரிந்ததும் நிறுத்திவிட வேண்டும், அதற்குப் பின்னால் ரத்த நாளம். காதுக்குள் பட்ஸ் விடாதீர்கள்.

வெளியே போய் வந்ததும் விரலிடுக்கு, காது மடல், கழுத்துப் பட்டைக்கு அடியில் உண்ணி இருக்கிறதா என்று தடவிப் பாருங்கள். இருந்தால் இடுக்கியால் தோலை ஒட்டிப் பிடித்து நேராக இழுக்க வேண்டும். மண்ணெண்ணெய் தடவச் சொல்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். தோலும் புண்ணாகும், நக்கினால் உயிருக்கே ஆபத்து. உண்ணி கடித்த நாய் சாப்பிடாமல் சுருண்டு படுத்தாலோ ஈறு வெளுத்திருந்தாலோ உண்ணிக் காய்ச்சலாக இருக்கலாம். அன்றைக்கே ரத்தப் பரிசோதனைக்குக் கூட்டிப் போங்கள்.