பானுமதி நடிகை மட்டும்தானா, படமும் இயக்கினாரா?

இயக்கினார். அதுவும் முதல் படத்தையே மும்மொழிகளில்! 1939இல் தெலுங்குத் திரைக்கு வந்த பி. பானுமதி, 1953இல் 'சண்டிராணி'யைத் தமிழ், தெலுங்கு, இந்தியில் ஒருசேர இயக்கினார். இரட்டை வேடமும் அவரே. கணவர் ராமகிருஷ்ண ராவுடன் நடத்திய பரணி நிறுவனம் தோள்கொடுத்தது. ஒரு பெண் அன்று இதைச் சாதித்ததை நாம் இன்னும் போதிய அளவு கொண்டாடவில்லை என்பதே என் ஆதங்கம்.

தெலுங்கில் அவர் எழுதிய 'அத்தகாரி கதலு' மாமியாரை மையமாக்கிய நகைச்சுவைக் கதைகள். பாடகியும்கூட. 'அலிபாபாவும் 40 திருடர்களும்' (1956) படத்தில் 'அழகான பொண்ணுதான்' பாடலைக் கவனியுங்கள்: முகமும் அவருடையது, குரலும் அவருடையது. சொல்லை இழுக்கும் இடத்தில் கண்ணும் கூடவே இழுக்கும். 2001இல் பத்மபூஷண் கிடைத்தது.