டாக்டர் சர்டிபிகேட் இருந்தால் தம்பி வெளியே வந்துவிடுவானா?

கேள்வி: என் தம்பிக்கு மனச்சிதைவு நோய். மதுரை பெரியாஸ்பத்திரியில் பல வருடம் மருந்து வாங்கினோம். கொஞ்ச நாளாக மாத்திரையை விட்டுவிட்டான். போன மாதம், சாப்பாட்டில் விஷம் வைக்கிறார் என்று சொல்லி, பக்கத்து வீட்டுக்காரரை அரிவாளால் வெட்டிவிட்டான். அவர் பிழைத்துக்கொண்டார், தம்பி ஜெயிலில். 'டாக்டர் சர்டிபிகேட் கொடுத்தால் கேஸ் நிற்காது' என்கிறார்கள் உறவினர்கள். உண்மையா?
- ஓர் அக்கா, உசிலம்பட்டி

அன்புச் சகோதரிக்கு,

சர்டிபிகேட் மட்டும் போதாது. பழைய தண்டனைச் சட்டத்தின் 84-ஆம் பிரிவு, 2024 ஜூலை முதல் பாரதிய நியாய சன்ஹிதாவின் 22-ஆம் பிரிவாக இருக்கிறது. வெட்டிய அந்த நேரத்தில், மனநிலை பாதிப்பால், தான் என்ன செய்கிறோம் என்றோ அது தவறு என்றோ அறிய முடியாத நிலையில் தம்பி இருந்தாரா? சட்டம் கேட்பது இதைத்தான். ஆம் என்றால், அது குற்றமாகாது என்கிறது இந்தப் பிரிவு. விஷம் வைக்கிறார் என்று நம்பினார் என்பதாலேயே விடுதலை கிடைத்துவிடாது.

இதைக் காட்டும் பொறுப்பு உங்கள் தரப்பில். ஆனால் போலீஸ் தரப்பைப் போலச் சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டியதில்லை. அப்படி இருந்திருக்கவே வாய்ப்பு அதிகம் என்று காட்டினால் போதும். 1964-லேயே உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. சம்பவத்துக்கு முன்னும் பின்னும் அவர் நடந்துகொண்ட விதத்தைக் கோர்ட் பார்க்கும். தூங்காமல் தனியாகப் பேசிக்கொண்டிருந்தாரா, வெட்டியபின் ஓடி ஒளிந்தாரா, அங்கேயே நின்றாரா? பார்த்தவர்கள் பார்த்ததை மட்டும் சொல்லட்டும். யாருக்கும் எதையும் சொல்லிக்கொடுக்காதீர்கள். பொய்ச் சான்றுகளால்தான் உண்மையான நோயாளியின் பேச்சும் கோர்ட்டில் எடுபடாமல் போகிறது.

ஓ.பி. சீட்டு, மருந்துச் சீட்டு எல்லாவற்றையும் தேடி எடுங்கள். தொலைந்திருந்தால் ஆஸ்பத்திரியில் நகல் கேளுங்கள். தன் சிகிச்சைப் பதிவுகளைப் பெறும் உரிமையை 2017-ஆம் ஆண்டு மனநலச் சட்டம் நோயாளிக்குத் தருகிறது.

இதையெல்லாம்விட அவசரம், ஜெயிலில் அவருக்கு மாத்திரை கிடைக்கிறதா என்பது. சீட்டுகளின் நகலை ஜெயில் டாக்டரிடம் சேருங்கள். விசாரணையே புரியாத நிலையில் இருந்தால், மருத்துவப் பரிசோதனைக்கு அனுப்பச் சொல்லி வக்கீல் மூலம் மனு போடுங்கள். தன் தரப்பைச் சொல்ல முடியாதவர் என்று தெரிந்தால் கோர்ட் விசாரணையைத் தள்ளிவைக்கும். வழக்கு அதோடு முடிந்துவிடாது. வக்கீல் வைக்கப் பணம் இல்லையென்றால் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். காவலில் இருப்பவருக்கு இலவச வக்கீல் உண்டு. 15100-க்குப் போன் செய்தும் கேட்கலாம்.

நாளைக்கே விடுதலை ஆனாலும் நேராக வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள் என்று எண்ண வேண்டாம். கோர்ட் அவரை மருத்துவமனையில் வைக்கச் சொல்லலாம். பொறுப்பேற்கும் உறவினரிடம் ஜாமீன் உறுதி வாங்கிக்கொண்டும் ஒப்படைக்கலாம். அப்படி ஒப்படைத்தால் தினமும் மாத்திரை கொடுத்துப் பார்த்துக்கொள்ளப்போவது யார் என்று குடும்பத்தில் இப்போதே பேசிவையுங்கள். வெட்டுப்பட்டவர் வீட்டாரும் அதைத்தான் முதலில் கேட்பார்கள். கேட்க அவர்களுக்கு உரிமை இருக்கிறது.