பட்டன் அளவுக் கிண்ணத்தில் முட்டைகள்: பறவைக்கூட்டுக் காளான் கேள்வி பதில்

கேள்வி: மழை விட்டபின் பூந்தொட்டியில் சட்டை பட்டன் அளவுக்குப் பழுப்புக் கிண்ணங்கள் முளைத்திருந்தன. ஒவ்வொன்றிலும் சாம்பல் நிற முட்டைகள். நத்தை முட்டை என்று பயந்து சோப்புக் கரைசலைத் தெளித்துவிட்டேன். சரிதானே?

பதில்: சோப்பு வீண். அது பறவைக்கூட்டுக் காளான், நீங்கள் சொல்வதைப் பார்த்தால் சையாதஸ் பேரினமாக இருக்கலாம். குடையும் காம்பும் இல்லாததால் காளான் என்றே தோன்றாது. ஆனாலும் குடைக்காளான்கள் இருக்கும் அகாரிகேல்ஸ் வரிசையில்தான் இதுவும் வருகிறது. முட்டை என்று நீங்கள் சொல்வது ஒன்றிரண்டு மில்லிமீட்டர் அகலமுள்ள, ஸ்போர்கள் (விதைபோலக் காளானைப் பரப்பும் நுண்துகள்கள்) நிறைந்த பொதி. குளூசியஸ் என்ற தாவரவியலர் 1601-இலேயே இதை விவரித்துவிட்டார். இருந்தும் இன்றுவரை பார்ப்பவர்கள் எல்லாம் பூச்சி முட்டை என்றே கேட்கிறார்கள்.

கேள்வி: ஸ்போர்கள் பொதிக்குள் அடைபட்டுக் கிடந்தால் காற்றில் எப்படிப் பரவும்?

பதில்: காற்றை இது நம்புவதே இல்லை. மழையை நம்புகிறது. பெரிய மழைத்துளி ஒன்று கிண்ணத்தில் விழுந்ததும், தண்ணீர் சாய்ந்த சுவரில் மோதி மேலே எகிறுகிறது. அதோடு பொதியும் வெளியே பாய்ந்து, ஒரு மீட்டர் தொலைவு வரைகூடப் போய் விழுகிறது. இதைச் சோதனைகளால் நிறுவியவர் கனடாவின் காளான் ஆய்வாளர் ஹரால்டு பிரோடி. வாழ்நாளில் பெரும்பகுதியை இந்தக் கிண்ணங்களுக்கே கொடுத்தவர்.

எனக்கு அலுக்காத பகுதி இதன் பிறகுதான். சையாதஸ் பொதியின் அடியில் ஒரு சிறு பை உண்டு, அதற்குள் சுருண்ட நூல். துளி மோதும்போது பை கிழிகிறது. பறக்கும் பொதியின் பின்னால் நூல் வால்போல நீள்கிறது. அதன் நுனியில் பசை. வழியில் புல்லோ குச்சியோ குறுக்கிட்டால் நுனி ஒட்டிக்கொள்ள, பொதி பறந்துவந்த வேகத்தில் அதைச் சுற்றிச் சுற்றி வந்து கட்டிக்கொள்கிறது. பிற்பாடு மாடோ முயலோ அந்தப் புல்லைத் தின்றால் ஸ்போர்கள் சாணத்தோடு வெளியேறலாம். சாணத்திலேயே முளைக்கும் ஓர் இனமும் இருக்கிறது: சையாதஸ் ஸ்டெர்கோரியஸ்.

கேள்வி: செடியைப் பாதிக்குமா? பிடுங்கி எறியட்டுமா?

பதில்: பாதிக்காது, இருக்கட்டும். உயிருள்ள வேரை இது தொடுவதில்லை. மூடாக்காகப் போட்ட மரச்சில்லு, மட்கும் குச்சி, காய்ந்த தண்டு இவைதான் அதன் சாப்பாடு. செடி வாடுகிறது என்றால் காரணத்தை வேறு எங்காவது தேடுங்கள்.

கேள்வி: சாப்பிடலாமா?

பதில்: தோல்போன்ற கிண்ணம், கடினமான பொதி. இதில் சாப்பிட என்ன இருக்கிறது? இது மனிதருக்கு நஞ்சு என்று அறியப்படவில்லை. அதற்காக எந்தக் காட்டுக் காளானையும் வாயில் வைத்துப் பார்க்காதீர்கள். குழந்தை எதையாவது விழுங்கிவிட்டால் மாதிரியை எடுத்துக்கொண்டு மருத்துவரிடம் போங்கள்.

கேள்வி: கையில் ஒரு லென்ஸ் இருக்கிறது. எந்த வகை என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

பதில்: கிண்ணத்தின் உட்சுவரில் செங்குத்துக் கோடுகளும் வெளியே முரட்டு மயிரும் இருந்தால் சையாதஸ் ஸ்ட்ரையேட்டஸ். முட்டைகள் வெளுத்திருந்தால் குருசிபுலம் என்ற இன்னொரு பேரினமாக இருக்கலாம். ஈரமான முட்டையை ஊசியால் மெல்ல இழுத்தும் பாருங்கள். நூல் நீண்டு வந்தால் சையாதஸ் அல்லது குருசிபுலம். நூலே இல்லாமல் முட்டைகள் வழவழப்பான பசையில் கிடந்தால் நிடுலா என்ற வேறொரு பேரினமாக இருக்கலாம்.

கேள்வி: முட்டை பறப்பதை மழைக்குக் காத்திராமல் பார்க்க முடியுமா?

பதில்: முடியும். கிண்ணத்தைச் சுற்றி வெள்ளைத்தாள் விரித்து, நாற்காலி மேல் நின்று சொட்டுக்குழாயால் தண்ணீர் விடுங்கள். கிட்டத்தில் இருந்து விட்டால் துளிக்கு வேகம் போதாது. குறி பலமுறை தப்பும், பொறுமை வேண்டும். இளங்கிண்ணத்தின் வாயை மெல்லிய சவ்வு மூடியிருக்கும். அதன்மேல் சொட்டிவிட்டு, ஒன்றும் பறக்கவில்லை என்று எனக்கு எழுதாதீர்கள்.