கொக்குத் தலையில் வெண்ணெய் வைத்தால் கொக்கு சிக்குமா?

‘கேட்டால் சிரிப்பு வருகிற பழமொழிகளில் நிஜமாகவே விஷயம் இருக்கிறதா, வெறும் நக்கலா?’ என்று கேட்டிருக்கிறீர்கள். நக்கல்தான், ஆனால் காரணத்தோடு செய்கிற நக்கல்.

கொக்குப் பழமொழியையே பாருங்கள். கொக்கின் தலையில் வெண்ணெயை வைக்க வேண்டுமாம். வெயிலில் அது உருகிக் கண்ணை மறைக்குமாம். அப்புறம் போய்ப் பிடித்துவிடலாமாம். சரி, வெண்ணெய் வைக்கிற அளவுக்குக் கிட்டே போனவன் அப்போதே கழுத்தைப் பிடித்திருக்கலாமே! முதல் படி நடந்துவிட்டால் மீதித் திட்டமே தேவையில்லை. நடக்காவிட்டால் மீதியால் பயனில்லை. அலுவலகக் கூட்டங்களில் இந்த மாதிரி வெண்ணெய்த் திட்டங்களுக்குக் கைதட்டியவர்களில் நானும் ஒருவன்.

அதைவிட எனக்குப் பிடித்தது, ‘குதிரைக்குக் குர்ரம் என்றால் ஆனைக்கு அர்ரம்.’ தெலுங்கில் குதிரை குர்ரம்தான். ஆனால் யானை ஏனுகு. ஒரே ஒரு சொல்லைக் கற்றுக்கொண்டு மொத்த மொழிக்கும் விதி போட்ட அரைகுறைக்காரனைப் பற்றியது இது. ஒற்றை உதாரணத்தை வைத்துப் பொதுவிதி செய்யாதே என்று தர்க்கப் பாடம் பக்கம் பக்கமாக விளக்குவதை ஐந்தே சொல்லில் முடித்துவிடுகிறது. எதுகை வேறு!

‘அத்தைக்கு மீசை முளைத்தால் சித்தப்பா’ என்பது, ‘அது மட்டும் நடந்திருந்தால்...’ என்றே பேசிக்கொண்டிருப்பவர்களுக்கான பதில். அத்தை அப்பாவுக்கு அக்காவாக இருந்தால் பெரியப்பா என்றல்லவா வர வேண்டும்? பழமொழி அதையெல்லாம் கண்டுகொள்வதில்லை.