டாக்டர் பிரிட்டோரியஸாக நடித்தவர் ஒரே படத்தோடு காணாமல் போனாரா?

1935-இல் வந்த ‘பிரைட் ஆஃப் ஃபிராங்கன்ஸ்டைன்’ படத்தில் பிரிட்டோரியஸ் என்ற கிறுக்கு விஞ்ஞானியாக மிரட்டிய எர்னஸ்ட் தெசிஜருக்கு அதன்பிறகு ஏன் வாய்ப்பே வரவில்லை என்று கேட்டிருக்கிறீர்கள். இணையத்தில் படப்பட்டியலை மட்டும் பார்த்திருப்பீர்கள். அதில் நாடகம் கணக்கில் வராது. தெசிஜரோ அடிப்படையில் நாடகக்காரர்.

ஸ்லேட் பள்ளியில் ஓவியம் பயின்று, 1909-இல் லண்டன் மேடை ஏறினார். 1915-இல் அவர் நடித்த ‘எ லிட்டில் பிட் ஆஃப் ஃப்ளஃப்’ என்ற கேலிநாடகம் 1,200 காட்சிகளைத் தாண்டியது. 1924-இல் பெர்னார்ட் ஷாவின் ‘செயின்ட் ஜோன்’ லண்டனில் முதன்முதலாக அரங்கேறியபோது, சிபில் தார்ன்டைக் ஜோன், இவர் பிரெஞ்சு இளவரசர் சார்லஸ். பிரிட்டோரியஸ் அதற்கு 11 வருடம் பின்னால்தான்.

அவர் நடிப்பைப் புரிந்துகொள்ள முதலில் ‘தி ஓல்ட் டார்க் ஹவுஸ்’ (1932) பாருங்கள். சாப்பாட்டு மேசையில் “உருளைக்கிழங்கு எடுத்துக்கொள்ளுங்கள்” என்கிறார், அவ்வளவுதான். உபசார வார்த்தையிலேயே வயிற்றைக் கலக்கிவிடுவார். குரலை உயர்த்துவதே இல்லை. இதே பெயரில் 1963-இல் வேறொரு படம் வந்திருக்கிறது. அதில் இவர் இல்லை, ஏமாறாதீர்கள்.

அப்புறம் பிரிட்டோரியஸ். ஜாடிக்குள் குட்டி மனிதர்கள் வரும் காட்சியைக் கவனியுங்கள். அந்த நடிகர்களைப் பெரிய ஜாடிகளுக்குள் நிற்கவைத்து, கறுப்பு வெல்வெட் பின்னணியில் தனியாகப் படமெடுத்துப் பிறகு ஒட்டினார்கள். ஆக, தெசிஜர் பேசுவது எதிரில் இல்லாத ஆட்களைப் பார்த்துத்தான். தப்பி ஓடும் ராஜாவை இடுக்கியால் தூக்கிப் போடுகிறாரே, பார்வை கொஞ்சம் விலகியிருந்தால் தந்திரம் அம்பலமாகியிருக்கும். அதில் அரக்கனாக நடித்த கார்லாஃபின் ரசிகர்கள் கோபிக்க வேண்டாம், அந்தப் படத்தை இழுத்துச் செல்வது இவர்தான் என்பது என் கட்சி.

சறுக்கலும் உண்டு. ‘திங்ஸ் டு கம்’ படத்தில் இவர் நடித்த பாத்திரத்தைக் கடைசியில் செட்ரிக் ஹார்ட்விக்கை வைத்துத் திரும்ப எடுத்தார்கள்.

இன்னொரு ஆதங்கம். அவர் பூத்தையலில் கைதேர்ந்தவர் என்பதை எல்லாரும் நமட்டுச் சிரிப்போடுதான் எழுதுகிறார்கள். முதல் உலகப் போரில் சாதாரணச் சிப்பாயாகப் போய்க் கைகளில் காயம்பட்டுத் திரும்பியவர் அவர். ஊனமுற்ற வீரர்கள் பூத்தையலால் பிழைக்க வழிசெய்த முயற்சியிலும் முன்னின்றார். 1941-இல் அக்கலை பற்றிப் புத்தகமே போட்டார். ஆண் ஊசி எடுத்தால் அப்படி என்ன வேடிக்கை? இத்தனைக்கும் பெரிய இடத்துப் பிள்ளை. நம் பாடப்புத்தகத்து மாண்டேகு–செம்ஸ்ஃபோர்டு சீர்திருத்தத்தின் வைஸ்ராய் செம்ஸ்ஃபோர்டு இவருடைய பெரியப்பா மகன்.

வாய்ப்பு வரவில்லை என்பதும் சரியல்ல. ‘தி மேன் இன் தி ஒயிட் சூட்’ (1951) படத்தில் மற்ற முதலாளிகளை ஆட்டிவைக்கும் கிழட்டு ஆலை அதிபர், ‘தி ரோப்’ (1953) படத்தில் திபேரியஸ் சக்கரவர்த்தி எல்லாம் இவரே. 1960-இல் கில்குட், ரிச்சர்ட்சன் ஆகிய பெரிய நாடக நடிகர்களுடன் மேடையில் இருந்தார். அடுத்த ஜனவரியில், 82-ஆவது பிறந்தநாளுக்கு முதல்நாள் இறந்தார்.